பித்தக் குழாய் ஸ்டென்ட்டுக்குக் கெடு உண்டு. அது பழுதானால் எந்தக் கணக்கில் எழுதுகிறோம்?

இதயத்தில் ஸ்டென்ட் வைத்தவர்களை நம் எல்லோருக்கும் தெரியும். சொந்தத்தில் ஒருவராவது இருப்பார்.

பித்தக் குழாயில் ஸ்டென்ட் வைத்தவர் யாரையாவது தெரியுமா?

கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். "பித்தப்பைக் கல்லு குழாய்ல இறங்கிடுச்சு, வாய் வழியா கேமரா விட்டு எடுத்தாங்க, உள்ள ஒரு டியூப் வச்சிருக்காங்க" என்று யாராவது சொல்லியிருப்பார்கள்.

அந்த டியூப்தான் இது. அதைப் பற்றியும், அது பழுதானால் மருத்துவமனை ஆவணத்தில் அதை எப்படி எழுதுகிறோம் அல்லது எழுதாமல் விடுகிறோம் என்பதைப் பற்றியும்தான் இந்த நீண்ட பதிவு.

ஆவணத்தில் எழுதுவதெல்லாம் ஆஸ்பத்திரி அலுவலக வேலைதானே, நமக்கு என்ன என்று நினைக்க வேண்டாம். கடைசி வரை படியுங்கள். இதில் உயிர் சம்பந்தப்பட்டிருக்கிறது.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். நான் இந்த ஸ்டென்ட்டை வைக்கும் சிறப்பு மருத்துவர் அல்ல. எம்பிபிஎஸ் படித்த அரசு மருத்துவமனை டாக்டர். ஸ்டென்ட் வைப்பவர்கள் இரைப்பை குடல் சிறப்பு மருத்துவர்கள். ஆனால் ஸ்டென்ட் அடைத்து, குளிர் காய்ச்சலோடு நடு ராத்திரியில் வருகிறவரை முதலில் பார்ப்பது என்னைப் போன்ற டியூட்டி டாக்டர்கள்தான். அந்த இடத்தில் நின்றுதான் இதை எழுதுகிறேன்.

சரி, விஷயத்துக்கு வருவோம்.

நம் கல்லீரல் ஒரு நாளைக்குச் சுமார் 500 முதல் 1000 மில்லி வரை பித்தநீரைச் சுரக்கிறது. சாப்பிட்ட கொழுப்பு செரிக்க இது வேண்டும். கல்லீரலில் இருந்து சிறுகுடலுக்கு இதைக் கொண்டு போகும் பொதுப் பித்தநாளம், பெரியவர்களுக்கே சுமார் 6 மில்லிமீட்டர் விட்டம்தான். ஒரு சின்ன ஸ்ட்ரா அளவு.

இந்தக் குழாயில் கல் வந்து மாட்டலாம். கணையத்திலோ பித்தக் குழாயிலோ புற்றுநோய்க் கட்டி வந்து நெரிக்கலாம். நாள்பட்ட கணைய அழற்சியால் சுருங்கலாம். பித்தப்பை ஆபரேஷனுக்குப் பிறகு கசியலாம்.

அப்போது பித்தநீர் தடையில்லாமல் குடலுக்கு வடிவதற்காக ஒரு சின்னக் குழாயை உள்ளே வைக்கிறார்கள். வாய் வழியாக எண்டோஸ்கோப்பை விட்டு, சிறுகுடல் வரை போய், பித்தநாளம் திறக்கும் இடத்தில் நுழைந்து செய்வது இது. இந்த முறைக்கு ஈஆர்சிபி என்று பெயர்.

1968-ல் அமெரிக்காவில் இந்த முறையில் முதன்முதலாகப் பித்தநாளத்தைப் படம் எடுத்தார்கள். 1979-ல் ஜெர்மனியின் ஹாம்பர்க் நகரில் டாக்டர் நிப் சோஹேந்திரா இதே வழியில் ஸ்டென்ட்டையும் வைத்துக் காட்டினார். அதற்கு முன்பு இதே அடைப்புக்கு வயிற்றைக் கிழித்துப் பெரிய ஆபரேஷன் செய்ய வேண்டியிருந்தது. எத்தனையோ லட்சம் பேரின் உயிரைக் காத்த கண்டுபிடிப்பு இது. அதில் எந்தச் சந்தேகமும் வேண்டாம்.

ஆனால் ஒரு விஷயத்தில்தான் நம் மக்கள் ஏமாந்து போகிறார்கள்.

"ஸ்டென்ட்" என்ற வார்த்தை.

இதயத்தில் வைக்கும் ஸ்டென்ட் ஆயுளுக்கும் உள்ளேயே இருக்கும். ரத்தக்குழாயின் உள்பூச்சு அதன் மேல் வளர்ந்து மூடிக்கொள்ளும். அதை யாரும் எடுக்கச் சொல்ல மாட்டார்கள். மாத்திரையை மட்டும் விடாமல் போட வேண்டும்.

பித்தக் குழாயில் வைக்கும் பிளாஸ்டிக் ஸ்டென்ட் அப்படி அல்ல. அது தற்காலிக ஏற்பாடு. பொதுவாக 3 மாதம், அதிகம் போனால் 4 மாதம். அதற்குள் எடுக்க வேண்டும், அல்லது புதிதாக மாற்ற வேண்டும்.

ரெண்டுக்கும் ஒரே பெயர். அதனால் "மாமாவுக்கு ஹார்ட்ல ஸ்டென்ட் வச்சு பத்து வருஷம் ஆச்சு, நல்லாத்தானே இருக்கார்" என்று நினைத்து, பித்தக் குழாய் ஸ்டென்ட்டையும் அப்படியே விட்டுவிடுகிறார்கள்.

கிட்னி கல்லுக்காக வைக்கும் டிஜே ஸ்டென்ட்டும் இதே மாதிரி எடுக்க வேண்டியதுதான். அதையும் மறந்துவிட்டு வருபவர்கள் உண்டு.

உலோக ஸ்டென்ட் கிடையாதா என்று கேட்பீர்கள். உண்டு. நிட்டினால் என்ற உலோகக் கலவையில் செய்த வலை அது. பிளாஸ்டிக் ஸ்டென்ட்டில் பெரியது என்று சொல்லப்படும் 10 பிரெஞ்ச் அளவே சுமார் 3.3 மில்லிமீட்டர்தான். உலோக ஸ்டென்ட் விரிந்தால் 8 முதல் 10 மில்லிமீட்டர் வரும். அதனால் அதிக நாள் தாங்கும். விலையும் அதிகம். பெரும்பாலும் புற்றுநோய் அடைப்புக்கு வைப்பார்கள். ஆனால் அதுவும் அடைக்கும், கட்டி அதன் கண்ணிகள் வழியாக உள்ளே வளரும்.

ஆக, எந்த ஸ்டென்ட்டாக இருந்தாலும் மூன்று விதத்தில் பழுதாகலாம்.

ஒன்று, அடைத்துக்கொள்வது. இதுதான் அதிகம். குடலில் உள்ள கிருமிகள் ஸ்டென்ட்டின் உள்சுவரில் பாசி மாதிரி படலமாகப் படியும். அதன் மேல் பித்தக் கசடு சேரும். வீட்டில் சிங்க் குழாய் அடைப்பது போலத்தான்.

இரண்டு, நழுவுவது. மேலே பித்தநாளத்துக்குள் ஏறிப்போகலாம், கீழே குடலுக்குள் இறங்கிப்போகலாம். கீழே போனால் பெரும்பாலும் மலத்தோடு வெளியே வந்துவிடும். அபூர்வமாகக் குடலில் குத்தி ஓட்டையும் போடும்.

மூன்று, உடைவது. இது அரிது. வருடக்கணக்கில் மறந்துபோன பிளாஸ்டிக் ஸ்டென்ட், எடுக்கப் போகும்போது துண்டாக வரும். அதைச் சுற்றியே புதிதாகக் கல் வளர்ந்திருக்கும். கல்லை எடுத்த இடத்தில், அதற்காக வைத்த ஸ்டென்ட்டே கல்லுக்கு விதையாகிறது.

பழுதானால் என்ன ஆகும்?

பித்தநீர் தேங்கும். தேங்கிய நீரில் கிருமி பெருகும். உடம்பை உலுக்கும் குளிர் காய்ச்சல், மஞ்சள் காமாலை, வலது மேல் வயிற்றில் வலி. இந்த மூன்றும் சேர்ந்து வந்தால் பித்தநாளத்தில் கிருமித் தொற்று என்று 1877-லேயே பிரெஞ்சு மருத்துவர் சார்க்கோ எழுதி வைத்துவிட்டார். இதற்குக் கோலாஞ்சைட்டிஸ் என்று பெயர். இதோடு ரத்த அழுத்தம் இறங்கி, ஆள் குழப்பமாகப் பேச ஆரம்பித்தால் நிலைமை ரொம்ப மோசம் என்று அர்த்தம். சில மணி நேரங்கள் கூட முக்கியம்.

இங்கேதான் நம் ஊர்ப் பழக்கம் ஒன்று குறுக்கே வருகிறது. மஞ்சள் காமாலை என்றால் முதலில் எங்கே போகிறோம்? கீழாநெல்லி கொடுக்கும் இடத்துக்கு. பத்தியச் சாப்பாடு, மூன்று நாள் மருந்து. கீழாநெல்லி நல்லதா கெட்டதா என்ற விவாதத்துக்குள் நான் இப்போது போகவில்லை. ஆனால் இது குழாய் அடைத்ததால் வந்த காமாலை. எந்த மருந்தைக் குடித்தாலும் அடைத்த குழாய் திறக்காது. அந்த மூன்று நாளில் கிருமி ரத்தத்தில் கலந்துவிடும்.

இப்போது கோடிங் விஷயத்துக்கு வருவோம்.

மெடிக்கல் கோடிங் என்றதும் சென்னை, கோவை ஐடி பூங்காக்கள் ஞாபகம் வரும். உங்கள் வீட்டிலேயே நர்சிங், பார்மசி, பயோடெக் படித்துவிட்டு இந்த வேலைக்குப் போகும் பிள்ளை இருக்கலாம். டாக்டர் எழுதிய குறிப்பைப் படித்து, ஒவ்வொரு நோய்க்கும் ஒவ்வொரு சிகிச்சைக்கும் உரிய எண்ணைப் போடும் வேலை.

இந்த எண்களின் கதை பழையது. மரணக் காரணங்களை எல்லா நாடுகளும் ஒரே பட்டியலில் எழுத வேண்டும் என்று 1893-ல் பிரான்சின் பெர்ட்டியோன் ஒரு பட்டியல் தயாரித்தார். 1948-ல் உலக சுகாதார நிறுவனம் அதைக் கையில் எடுத்து, மரணம் மட்டுமல்லாமல் எல்லா நோய்களையும் சேர்த்தது. அதுதான் ஐசிடி. 1990-ல் பத்தாவது பதிப்பு ஏற்கப்பட்டது. பதினோராவது பதிப்பு 2022 ஜனவரி 1-ல் நடைமுறைக்கு வந்தது.

பத்தாவது பதிப்பில் டி85.5 என்று ஒரு எண் இருக்கிறது. இரைப்பை, குடல், பித்தநாளம் போன்ற இடங்களில் வைத்த செயற்கைக் கருவிகளின் இயந்திரப் பழுது. பித்தநாளக் கருவி என்று பெயர் சொல்லியே அதில் சேர்த்திருக்கிறார்கள். உடைதல், நழுவுதல், கசிதல், அடைத்தல், குத்துதல் எல்லாம் அதற்குள் வரும்.

அமெரிக்கா இதை இன்னும் பிரித்துக்கொண்டது. ஸ்டென்ட் உடைந்தால் டி85.510. இடம் மாறினால் டி85.520. அடைப்பு முதலான வேறு இயந்திரச் சிக்கல் என்றால் டி85.590. கடைசியில் ஒரு எழுத்தும் சேர்ப்பார்கள். இப்போது தீவிர சிகிச்சை நடக்கிறது என்றால் ஏ. அது முடிந்து தொடர் கவனிப்பு என்றால் டி. அதன் பின்விளைவு என்றால் எஸ். ஏ என்பது முதல் தடவை வந்ததைக் குறிக்கிறது என்று பலர் தவறாக நினைக்கிறார்கள். எத்தனை டாக்டரைப் பார்த்திருந்தாலும், அந்தப் பழுதுக்கான சிகிச்சை நடந்துகொண்டிருக்கும் வரை ஏ-தான்.

சரியான தேதியில் மாற்றிப் போட வந்தவருக்கு இந்த எண்கள் எதுவும் வராது. அது பழுது இல்லை, திட்டமிட்ட பராமரிப்பு. அதற்கு இசட் வரிசையில் தனி எண் இருக்கிறது.

இவ்வளவு நுணுக்கம் எதற்கு என்று தோன்றும். முன்பு இப்படி இல்லை. அமெரிக்கா 2015 செப்டம்பர் வரை பயன்படுத்திய பழைய பட்டியலில் பித்தநாளம், மோவாய், கண்குழி ஆகிய மூன்று இடங்களில் வைத்த கருவிகளின் பழுதும் ஒரே எண்ணுக்குள் இருந்தது. பித்தக் குழாயில் அடைத்த ஸ்டென்ட்டும் மோவாயில் நகர்ந்த சிலிக்கானும் ஒரே கணக்கு! அந்த எண்ணை வைத்து பித்தநாள ஸ்டென்ட் எத்தனை பழுதானது என்று எப்படித் தனியாகச் சொல்ல முடியும்?

எண் தனியாக இருந்தால்தான் எண்ண முடியும். எண்ண முடிந்தால்தான் பிரச்சினை இருக்கிறது என்றே தெரியும்.

இப்போது யோசித்துப் பாருங்கள். அமெரிக்காவில் ஒருவருக்கு ஸ்டென்ட் அடைத்தால், அந்தக் குறிப்பு சென்னையில் ஒரு கணினித் திரைக்கு வரலாம். நம் ஊர்ப் பெண் ஒருத்தி அதைப் படித்து, டி85.590ஏ என்று துல்லியமாகப் போடுவாள். அந்தப் பெண்ணின் பெரியப்பாவுக்கு இங்கே ஸ்டென்ட் அடைத்தால், அவர் டிஸ்சார்ஜ் சம்மரியில் "காய்ச்சல், மஞ்சள் காமாலை" என்று மட்டும் இருக்கும்.

அறிவு நம்மிடம் இருக்கிறது. பழக்கம்தான் இல்லை.

இது கோடு போடுகிறவர் தப்பு அல்ல. அரசு மருத்துவமனைகளில் மருத்துவ ஆவணப் பிரிவு என்று ஒன்று உண்டு. டிஸ்சார்ஜ் ஆன கேஸ் ஷீட்டுகளைப் பார்த்து ஐசிடி எண் போடுவது அவர்கள் வேலை. அவர்கள் ஊகித்து எதையும் எழுதக் கூடாது. டாக்டர் எழுதியதற்குத்தான் எண் போட முடியும்.

இரண்டு வரிகளைப் பாருங்கள்.

"கோலாஞ்சைட்டிஸ். ஸ்டென்ட் உள்ளது."

"பிளாஸ்டிக் ஸ்டென்ட் அடைத்ததால் ஏற்பட்ட கோலாஞ்சைட்டிஸ்."

படிக்கும்போது ரெண்டும் ஒன்று போலத்தான் தெரியும். கோடிங்கில் ரெண்டும் வேறு வேறு. முதல் வரிக்கு கே83.0 என்ற தொற்றுக்கான எண் மட்டும் விழும். இரண்டாவது வரிக்கு முதலில் ஸ்டென்ட் பழுதுக்கான எண், அடுத்துதான் தொற்றுக்கான எண். "ஆல்" என்ற ஒரு விகுதி. அதை டாக்டர் எழுதினால்தான் ஸ்டென்ட் பழுது கணக்கில் வரும்.

அப்படியானால் டாக்டர்கள் ஏன் எழுதுவதில்லை?

நேரம் இல்லை என்பது ஒரு காரணம். ஒரு வார்டில் எத்தனை பேர், எத்தனை டாக்டர் என்று அரசு மருத்துவமனைக்கு வந்து பார்த்தவர்களுக்குத் தெரியும். அதை மறுக்கவில்லை.

காப்பீட்டுத் திட்ட பேக்கேஜ் இன்னொரு காரணம். பேக்கேஜ் எண் என்பது என்ன சிகிச்சை செய்தோம் என்பதைச் சொல்லும். அந்த சிகிச்சை ஏன் தேவைப்பட்டது என்பதைச் சொல்லாது. பேக்கேஜ் எண் போட்டதும் கோடிங் முடிந்துவிட்டது என்று நினைத்துவிடுகிறோம்.

ஆனால் உண்மையான காரணம் பயம். "பழுது" என்று எழுதினால் ஸ்டென்ட் வைத்த டாக்டரைக் குற்றம் சாட்டுவது போல ஆகிவிடுமோ? நாளை கேஸ் போட்டால்? நோயாளியின் சொந்தக்காரர்கள் சண்டைக்கு வந்தால்?

என் சக மருத்துவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். இந்தப் பயத்துக்கு ஐசிடி புத்தகத்திலேயே பதில் இருக்கிறது. ஒய்83 என்ற பிரிவைத் திறந்து பாருங்கள். அறுவை சிகிச்சைக்குப் பிறகு, சிகிச்சை நேரத்தில் எந்தத் தவறும் நடந்ததாகக் குறிப்பு இல்லாமல், பின்னாளில் வரும் சிக்கல் என்பதுதான் அதன் தலைப்பு. அதில் ஒய்83.1 செயற்கைக் கருவி பொருத்திய பிறகு வருவதற்கு. சிகிச்சையின்போது நடக்கும் தவறுகளுக்கு முற்றிலும் வேறு பிரிவு உண்டு.

அதாவது, கருவி பழுதாவதும் டாக்டர் தவறு செய்வதும் வேறு வேறு என்று உலக சுகாதார நிறுவனமே பிரித்து வைத்திருக்கிறது. பிளாஸ்டிக் ஸ்டென்ட் அடைப்பது அதன் இயல்பு. கார் டயர் தேய்வதற்கு மெக்கானிக்கை யாரும் ஜெயிலில் போடுவதில்லை. எத்தனை கிலோமீட்டரில் தேய்ந்தது என்று எழுதி வைத்தால்தான் அடுத்த டயரை நேரத்துக்கு மாற்ற முடியும்.

பொதுமக்களுக்கும் இதையேதான் சொல்கிறேன். சம்மரியில் "ஸ்டென்ட் அடைப்பு" என்று இருந்தால் உடனே யாரையாவது சட்டையைப் பிடிக்கக் கிளம்ப வேண்டாம். உண்மையை எழுதிய டாக்டரைப் பாராட்டுங்கள். எழுதியதற்காக அடித்தால், அடுத்த டாக்டர் எழுத மாட்டார். நஷ்டம் அடுத்த நோயாளிக்கு.

சரி, எழுதினால் என்ன நடக்கும்? நான்கு விஷயம் நடக்கும்.

முதலாவது, அந்த நோயாளிக்கே நேரடியான பலன். இன்று அடைத்தது என்று பதிவாகியிருந்தால், அடுத்த முறை அவர் வேறு ஊரில் வேறு டாக்டரிடம் காய்ச்சலோடு போனாலும், "முதலில் ஸ்டென்ட்டைப் பாருங்கள்" என்று அந்தக் காகிதமே பேசும்.

கேஷுவாலிட்டியில் நான் பார்த்த ஒரு காட்சியைச் சொல்கிறேன். அறுபது வயதுக்கு மேற்பட்ட ஒரு அம்மா. குளிர் காய்ச்சல், கண் மஞ்சள். மலேரியா, டெங்கு, எலிக்காய்ச்சல் எல்லாம் யோசித்துக்கொண்டிருக்கிறோம். கூட வந்த மகன், "போன வருஷம் வயித்துல ஏதோ டியூப் வச்சாங்க சார், எடுத்தாங்களான்னு தெரியல" என்றார். அவர் கையில் இருந்த பழைய சம்மரியில் பித்தப்பைக் கல் என்று இருந்தது, ஆபரேஷன் என்று இருந்தது. ஸ்டென்ட் பற்றி ஒரு வார்த்தை இல்லை. எக்ஸ்ரே எடுத்துப் பார்த்தால் வயிற்றில் ஸ்டென்ட் தெரிகிறது. உடனே ஆன்டிபயாட்டிக் ஆரம்பித்து, ஈஆர்சிபி வசதி உள்ள இடத்துக்கு ஆம்புலன்ஸில் அனுப்பினோம். அந்த மகன் அந்த ஒரு வாக்கியத்தைச் சொல்லாமல் இருந்திருந்தால்? காய்ச்சல் வார்டில் இரண்டு நாள் போயிருக்கும்.

இரண்டாவது, கருவியின் தரம். ஒரு குறிப்பிட்ட தயாரிப்பு, ஒரு குறிப்பிட்ட பேட்ச் மட்டும் வழக்கத்தை விடச் சீக்கிரம் அடைக்கிறதா, நழுவுகிறதா? ஒரு டாக்டருக்கு இது தெரியாது. பத்து மருத்துவமனைக் கணக்கைச் சேர்த்தால்தான் தெரியும். இதற்காகவே இந்தியாவில் 2015 ஜூலையில் மெட்டீரியோவிஜிலன்ஸ் என்ற திட்டத்தை ஆரம்பித்தார்கள். காசியாபாத்தில் உள்ள இந்திய மருந்தியல் ஆணையம் இதை நடத்துகிறது. மருத்துவக் கருவியால் பாதிப்பு வந்தால் டாக்டர், நர்ஸ், மருந்தாளுநர், பயோமெடிக்கல் இன்ஜினியர் என யார் வேண்டுமானாலும் படிவம் அனுப்பலாம். நம்மில் எத்தனை பேர் அந்தப் படிவத்தைக் கண்ணால் பார்த்திருக்கிறோம்?

இங்கே ஒரு விஷயம். ஐசிடி எண்ணில் கம்பெனி பெயரோ பேட்ச் எண்ணோ வராது. கோடிங் மட்டும் போதாது, ஸ்டென்ட் பாக்கெட்டில் இருக்கும் ஸ்டிக்கரையும் கேஸ் ஷீட்டில் ஒட்ட வேண்டும். இதய ஸ்டென்ட்டுக்கு ஸ்டிக்கர் ஒட்டித் தருகிறோமே, அதே போல.

மூன்றாவது, திட்டமிடல். ஈஆர்சிபி எல்லா ஊரிலும் கிடையாது. பெரிய மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளில்தான் பெரும்பாலும் இருக்கிறது. ஒரு மாவட்டத்தில் இருந்து வருடத்துக்கு எத்தனை பேர் ஸ்டென்ட் அடைத்து வருகிறார்கள் என்று எண் இருந்தால்தான், "எங்கள் மாவட்டத்துக்கு அந்த வசதி வேண்டும்" என்று கேட்க முடியும். எண் இல்லாத கோரிக்கை வெறும் புலம்பல்.

நான்காவது, காரணம் தெரியும். தேதிக்கு முன்பே அடைத்ததா, தேதி தாண்டியதால் அடைத்ததா? முன்பே அடைத்தால் கருவியையும் நோயையும் பார்க்க வேண்டும். தேதி தாண்டியதால் என்றால் பிரச்சினை நம் தொடர் கவனிப்பில். அதற்குத் தீர்வு ஒரு போன் கால்.

"அமெரிக்காவில் கோடிங் எல்லாம் காசுக்காகத்தானே டாக்டர்? அதிகப் பணம் வரும் எண்ணாகப் பார்த்துப் போடுவார்களே?" என்று கோடிங் துறையில் இருக்கும் நண்பர் ஒருவர் கேட்டார்.

கேள்வி நியாயமானது. அங்கே இன்சூரன்ஸ் பணம் இந்த எண்ணைப் பொறுத்துத்தான் வருகிறது. அதனால்தான் அங்கே இவ்வளவு கவனம், அதனால்தான் சில இடங்களில் தில்லுமுல்லும். ஆனால் அங்கே இன்னொன்றும் இருக்கிறது. கருவியால் மரணமோ கடுமையான பாதிப்போ ஏற்பட்டால் மருத்துவமனை அதைத் தெரிவித்தே ஆக வேண்டும் என்று 1990-லேயே சட்டம் போட்டார்கள். பில் கணக்கு தனி, பாதுகாப்புக் கணக்கு தனி.

நம் அரசு மருத்துவமனையில் ஐசிடி எண்ணை வைத்து நோயாளியிடம் காசு வாங்கப் போவதில்லை. அப்படியானால் எண்ணை ஏற்றிப் போடும் ஆசையும் இங்கே இல்லை. உண்மையை மட்டும் எழுத இதைவிட நல்ல இடம் ஏது? நம்மால் அமெரிக்காவை விடச் சுத்தமான கணக்கு வைக்க முடியும். வைக்காமல் இருப்பதுதான் வருத்தம்.

"ஏற்கெனவே வேலை முடியல, இதுல இது வேறயா" என்று சக மருத்துவர்கள் கேட்பார்கள். நான் கேட்பது சம்மரியில் மூன்று வரி.

என்ன ஸ்டென்ட், எந்தத் தேதியில் வைத்தது.
எந்தத் தேதிக்குள் எடுக்க அல்லது மாற்ற வேண்டும்.
பழுதாகி வந்தவர் என்றால், என்ன பழுது, அதனால் என்ன ஆனது.

மூன்று வரி எழுத ஒரு நிமிடம். எழுதாததால் அடுத்த டாக்டர் தேடும் நேரம் பல மணி.

அரசுக்கும் ஒரு கோரிக்கை. இது நமக்குப் புதிய வித்தை அல்ல. தமிழ்நாட்டில் கர்ப்பிணி ஒவ்வொருவருக்கும் பிக்மி எண் இருக்கிறது. தடுப்பூசி தேதி தவறினால் கிராம சுகாதார செவிலியர் வீட்டுக்கே வந்து கேட்கிறார். காசநோயாளி மாத்திரை சாப்பிட்டாரா என்று நிக்ஷய் கணக்கு இருக்கிறது. 2021 ஆகஸ்டில் ஆரம்பித்த மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் சுகர், பிரஷர் மாத்திரை வீட்டுக்கே போகிறது. இவ்வளவு செய்யும் மாநிலத்துக்கு, எடுக்க வேண்டிய ஸ்டென்ட் வைத்தவர்களின் பெயர், போன் நம்பர், கெடு தேதி என்று ஒரு பதிவேடு வைப்பதா பெரிய காரியம்? பித்தநாள ஸ்டென்ட், சிறுநீரக டிஜே ஸ்டென்ட் இரண்டையும் அதில் சேர்க்கலாம். கெடுவுக்கு இரண்டு வாரம் முன்பு ஒரு குறுஞ்செய்தி, ஒரு போன்.

கடைசியாக, இதைப் படிக்கும் உங்களுக்கு.

உங்கள் வீட்டில் யாருக்காவது ஈஆர்சிபி செய்திருந்தால் இன்றே இதைச் செய்யுங்கள்.

1. பழைய சம்மரியை எடுத்து, ஸ்டென்ட் வைத்தார்களா என்று பாருங்கள். புரியவில்லை என்றால் அருகில் உள்ள அரசு மருத்துவமனைக்கு எடுத்துப்போய்க் கேளுங்கள்.

2. வைத்திருந்தால் பிளாஸ்டிக்கா, உலோகமா, எப்போது எடுக்க வேண்டும் என்று கேட்டுத் தேதியை எழுதி வாங்குங்கள். அந்தத் தேதியை வீட்டு காலண்டரில் குறியுங்கள். போனிலும் போட்டு வையுங்கள். நோயாளிக்கு வயதானால் மகன், மகள், மருமகள் என்று ஒருவராவது பொறுப்பெடுங்கள்.

3. "வலி இல்ல, நல்லா சாப்பிடறேன், எதுக்கு எடுக்கணும்?" என்று தள்ளிப்போட வேண்டாம். அடைக்கும் வரை எந்த அறிகுறியும் இருக்காது. தேதிக்குள் போனால் சில நிமிடங்களில் எடுத்துவிடும் விஷயம். தாண்டினால் ஐசியூ.

4. குளிர் காய்ச்சல், கண் மஞ்சள், வலது மேல் வயிற்று வலி, மண் போல வெளுத்த மலம், டீ டிகாக்ஷன் நிறத்தில் சிறுநீர், உடம்பெல்லாம் அரிப்பு. ஸ்டென்ட் உள்ளவருக்கு இதில் எது வந்தாலும் அன்றைக்கே ஆஸ்பத்திரி. காத்திருந்து பார்ப்போம் என்ற பேச்சே வேண்டாம். 108-க்கு அழைக்கலாம்.

5. எந்த டாக்டரிடம் எதற்காகப் போனாலும், முதல் வாக்கியமாக "பித்தக் குழாயில் ஸ்டென்ட் இருக்கிறது" என்று சொல்லுங்கள். அவர் கேட்கும் வரை காத்திருக்க வேண்டாம்.

6. டிஸ்சார்ஜ் ஆகும்போது, "சார், ஸ்டென்ட் விவரமும் எடுக்க வேண்டிய தேதியும் இதுல எழுதியிருக்கா?" என்று பணிவாகக் கேளுங்கள். கேட்பது உங்கள் உரிமை. நல்ல டாக்டர் யாரும் கோபப்பட மாட்டார்.

கோடிங் துறையில் இருக்கும் தம்பி தங்கைகளே, உங்களுக்கும் ஒரு வேலை இருக்கிறது. முகம் தெரியாத அமெரிக்கருக்காக நீங்கள் தினமும் செய்யும் அந்தக் கவனமான வாசிப்பை, ஒரு ஞாயிற்றுக்கிழமை உங்கள் அப்பா, அம்மா, பெரியப்பாவின் பழைய ஃபைல் மேல் காட்டுங்கள். எந்த வார்த்தை விடுபட்டிருக்கிறது என்று உங்களுக்குச் சட்டென்று தெரியும். அந்தக் கண் எங்கள் பலருக்கும் கிடையாது.

இந்தப் பதிவைப் படித்துவிட்டு ஒரே ஒரு குடும்பம் போய் பீரோவில் இருக்கும் பழைய ஃபைலைப் பிரித்துப் பார்த்தாலும் போதும்.

தேவைப்படுவோருக்குப் பகிருங்கள்.